சீனிப்பாகில் தோய்த்த குரோஷே பனிப்பூ மழைக்குத் தொய்யுது: நத்தாருக்குள் சரிக்கட்டலாமா?

திருக்கடலூர்_நூல்:

வணக்கம். நத்தார் மரத்தில் தொங்கவிட 40 பனிப்பூ குரோஷேயில் பின்னியாச்சு. நூல் 10ஆம் நம்பர் வெள்ளைப் பருத்தி, ஊசி 1.5 மி.மீ., ஒவ்வொன்றும் 6 செ.மீ. வரும். விறைப்பாக நிற்கவேணும் என்று சீனிப்பாகில் தோய்த்தேன். இரண்டு கோப்பை சீனி, ஒரு கோப்பை தண்ணி, பாகு கற்கண்டு மாதிரி உறையக்கூடாது என்று பாதித் தேசிக்காய்ப் புளியும் விட்டுக் காய்ச்சினது. முதல் மூன்று நாள் தகடு போல நின்றது. வாடைக் காற்றும் மழையும் தொடங்கினதோடு எல்லாம் போச்சு. தொட்டால் கையில் ஒட்டுது, ஆறு நுனியும் தொங்குது, எறும்பு வரிசை கட்டி வருது.

இதோடு வேறும் சிக்கல். காயும்போது விரிந்து நிற்கக் குண்டூசி குத்தின இடமெல்லாம் மண்ணிறப் புள்ளி. பத்துப் பன்னிரண்டு பூ தட்டையாக வராமல் சின்னக் கிண்ணம் மாதிரிக் குழிஞ்சு நிற்குது. பாதி வீடியோ பார்த்தும், பாதி பழைய இங்கிலீஷ் புத்தகம் பார்த்தும் பின்னினது. அதுதான் காரணமோ தெரியாது. மரம் 4 அடிச் சவுக்குக் கொப்பு, வாளியில் மணல் போட்டு நடுறது.

பின்னினதை அவிழ்க்காமல் காப்பாற்ற வழியிருக்கா? திருகோணமலைக் கடலோரத்தில், இந்த மழைக்குள், எதைப் பாவித்தால் நிற்கும்?

கொக்கியூசி:

அவிழ்க்க வேண்டாம். சீனி தண்ணியில் முழுதாகக் கரையும், அதனால் நூலுக்கு ஒரு சேதமும் இல்லை.

சீனி ஏன் கைவிட்டது என்று முதலில் சொல்லிவிடுறேன், இல்லாவிட்டால் அடுத்த வருசமும் யாராவது ஒருவர் இதையே செய்வார். காய்ந்த சீனி, காற்றின் ஈரப்பதன் 85 வீதத்தை நெருங்கினால் தானே காற்றிலுள்ள நீரை இழுத்துக் கரையத் தொடங்கும். திருகோணமலையில் மழை கூடிய மாதங்கள் நவம்பரும் டிசம்பரும். இரவில் அந்த அளவை எட்டுவது புதினமில்லை. கச்சான் வீசுற ஜூலை, ஓகஸ்டில் என்றால் இவ்வளவு கெதியில் தொய்ந்திராது. அதற்கு மேல் தேசிக்காய்ப் புளி வினையாகிப் போச்சு. புளிப்போடு காய்ச்சும்போது சீனியில் ஒரு பங்கு குளுக்கோசாகவும் பிரக்டோசாகவும் பிரியும். பாகு உறையாமல் இருந்தது அதனால்தான். ஆனால் பிரக்டோஸ் 60 வீதத்துக்குச் சற்று மேலேயே கசியத் தொடங்கிவிடும். அந்த ஒட்டல் அதுதான்.

கை பொறுக்கும் சூட்டுத் தண்ணியில் அரை மணித்தியாலம் ஊறப்போடுங்கோ. கசக்கவோ முறுக்கவோ கூடாது, நுனிகள் இழுபட்டால் ஆறு பக்கமும் ஆறு நீளமாகிவிடும். தண்ணியை மூன்று தரம் மாற்றுங்கோ. கடைசித் தண்ணியில் விரலைத் தோய்த்து, பெருவிரலோடு சேர்த்துத் தேய்த்துப் பார்த்தால் பிசுபிசுப்பு இருக்கக்கூடாது. பிறகு கொஞ்சம் சவர்க்காரத் தண்ணி, ஒரு அலசல். துவாயில் பரப்பிச் சுருட்டி அமத்தினால் போதும்.

விறைக்க வைக்க, மரவேலைக்காரர் பாவிக்கிற வெள்ளை பீ.வி.ஏ. பசை. ஹார்ட்வெயார் கடையில் கிலோக் கணக்கில் வாங்கத் தேவையில்லை, ஆகச் சின்னப் போத்தலே மிஞ்சும். வாங்கினதும் பொலித்தீன் மேல் ஒரு துளி விட்டுக் காயவிடுங்கோ. கண்ணாடி மாதிரித் தெளிந்தால் சரி. மஞ்சளித்தால் அது கதவு, ஜன்னலுக்குத்தான்.

தட்டைப் பூவுக்குப் பசையும் தண்ணியும் சரிபாதி. 50 மி.லீ. பசை, 50 மி.லீ. தண்ணி கலந்தால் 40 பூவுக்கும் காணும். ஏனென்றால் பிழியும்போது பாதிக்கு மேல் கோப்பைக்கே திரும்பி வரும். மணி, சம்மனசு மாதிரி எழும்பி நிற்கவேண்டியவைக்கு இரண்டு பங்கு பசைக்கு ஒரு பங்கு தண்ணி. பூவை ஈரமாகவே பசைக்குள் போடுங்கோ. உலர்ந்த நூலுக்குள் பசை மேலோடு நிற்கும், உள்ளே இறங்காது. ஐந்து நிமிசம் கிடக்கட்டும். எடுத்து இரண்டு விரலுக்கிடையில் வைத்து அமத்தி வழித்து, ஓட்டைகளில் பசை படலமாக நின்றால் ஈர்க்கு நுனியால் குத்தி உடைத்துவிடுங்கோ. அந்தப் படலம் காய்ந்தால் பிளாஸ்டிக் தாள் மாதிரி மினுங்கும், பின்னல் வடிவெல்லாம் மறைந்துபோகும்.

ரெஜிபோம் (பாரமில்லாத வெள்ளை நுரைப் பிளாஸ்டிக்) பலகைக்கு மேல் பொலித்தீனை இழுத்து ஒட்டி, அதில் பூவை விரித்து ஊசி குத்துங்கோ. அறைக்குள் ஃபேனை மெல்லப் போட்டுவிடுங்கோ. மூன்று, நான்கு மணித்தியாலத்தில் மேற்பக்கம் காய்ந்ததும் ஒரு தரம் கழற்றி மறுபக்கம் திருப்பிக் குத்தவேணும். இல்லாவிட்டால் அடிப்பக்கம் இரண்டு நாளானாலும் வெள்ளையாகக் குழைந்தே கிடக்கும். வெயில் காலத்தில் ஒரு நாள் போதும், இப்போது இரண்டு நாள் கணக்கு வையுங்கோ. குசினியில் காயவைக்க வேண்டாம், சோற்றுப் பானை ஆவி ஒன்றே போதும்.

பீ.வி.ஏ.யும் தண்ணிக்குப் பயந்ததுதான், ஆனால் சீனி மாதிரிக் கசியாது. முழுதும் காய்ந்த பிறகு அக்ரிலிக் கிளியர் ஸ்ப்ரே இரண்டு மெல்லிய பூச்சு, ஒரு சாண் தூரத்தில் இருந்து. மழை பெய்துகொண்டிருக்கும்போது அடித்தால் பூச்சுக்குள் ஈரம் சிக்கி வெண்புகார் பிடிக்கும். வெள்ளைப் பூவில் அது தெரியாது, சிவப்பில் பளிச்சென்று தெரியும். ஒரு நாளாவது மழை விடும், அன்றைக்கு மத்தியானம் அடியுங்கோ.

மேசைவிரிப்பு:

பசை, ஸ்ப்ரே எல்லாம் எதற்கு? வெள்ளை நூலுக்குக் கஞ்சிதான் முறை. ஒரு மேசைக்கரண்டி கோன்ஃபிளவர் மாவைப் பச்சைத்தண்ணியில் கரைத்து, ஒரு கோப்பை கொதிநீரில் விட்டுத் துழாவினால் கண்ணாடி மாதிரி வரும். அதில் தோய்த்து, அரை ஈரத்தில் இஸ்திரிக்கை போட்டால் படிந்து நிற்கும். அடுத்த வருசம் கழுவி மறுபடி போடலாம். பசை போட்டதைக் கழுவ முடியாதே?

கொக்கியூசி:

மேசை விரிப்புக்குக் கஞ்சியை மிஞ்ச ஒன்றுமில்லை, அதில் மறுபேச்சு இல்லை. விரிப்பு மேசையில் படிந்து கிடக்கும், அதற்கு இலேசான விறைப்புப் போதும். பூ அந்தரத்தில் தொங்கவேணும். கஞ்சி இந்த ஈரத்துக்கு இரண்டு கிழமையில் தளரும். பெட்டிக்குள் வைத்தால் பூஞ்சணம் பிடிக்கும், வெள்ளிப்பூச்சியும் கரப்பொத்தானும் மாப்பொருளைத் தேடியே வரும். பெப்ரவரியில் தொங்கவிடுறதென்றால் நானும் கஞ்சிதான் சொல்லுவேன்.

கழுவுற விசயம் சரி. பசை போட்டது போட்டதுதான். தூசு படிந்தால் பெயின்ட் தூரிகையால் தட்டலாம், அவ்வளவுதான். வருசா வருசம் கழுவவேணும் என்று நினைக்கிறவர்கள் கஞ்சியோடு நின்று, டிசம்பர் 23, 24இல் போட்டு மூன்று ராஜாக்கள் திருநாளோடு கழற்றிக் கழுவி வையுங்கோ.

ஈர்க்குக்கட்டு:

மண்ணிறப் புள்ளி கறள். சாதாரணக் குண்டூசியின் பூச்சு மெல்லியது. ஈர நூலும் உப்புக் காற்றும் சேர்ந்தால் ஒரே இரவில் பிடிக்கும். பசைக்குள் போட முதல் இதை எடுக்கவேணும், பிறகு எடுக்க ஏலாது.

புள்ளியில் தேசிக்காய்ப் புளியை விட்டு மேலே தூள் உப்பை வைத்து வெயிலில் வையுங்கோ. வெயில் இல்லாவிட்டால் உள்ளே மூன்று, நான்கு மணித்தியாலம், புளி காயக் காய மறுபடி ஒரு சொட்டு. அலசிப் பார்த்து மிச்சம் இருந்தால் இன்னொரு தரம். குளோரின் வெளிறல் திரவம் மட்டும் வேண்டாம். அது கறளைப் போக்காது, இன்னும் இறுக்கிவிடும், நூலும் இற்றுப்போகும். நிற நூல் என்றால் புளி நிறத்தையும் வெளிறப் பண்ணும், ஓரத்தில் சோதித்துப் பாருங்கோ.

இனிமேல் குத்துவதற்கு ஊசியே வேண்டாம், காய்ந்த ஈர்க்கைப் பாவியுங்கோ. தென்னோலை ஈர்க்கின் அடிப்பக்கத் தடிப்பான பகுதியை 4 செ.மீ. துண்டாக, ஒரு பக்கம் சரிவாக வெட்டினால் ரெஜிபோமில் ஊசி மாதிரி இறங்கும். ஒரு ஈர்க்கில் பத்துத் துண்டு வரும். ஒரு பூவுக்கு ஆறு நுனி, ஆறு பள்ளம், ஆக 12 துண்டு. 40 பூவையும் ஒரேயடியாக விரித்தால் 480 துண்டு வேணும், பலகையும் காணாது. பத்துப் பத்தாக வையுங்கோ. பச்சை ஈர்க்கு கூடாது, அதன் சாறும் கறை. விளக்குமாற்றில் இருந்து உருவினால் முதலில் கழுவிக் காயவையுங்கோ, சொல்லத் தேவையில்லை.

ரெஜிபோமுக்கு மீன் பெட்டி மூடி எடுத்தால் பொலித்தீன் இரண்டு படை போடுங்கோ. நத்தார் மரத்தில் சூடை மணக்கக்கூடாது.

ஆறு நுனியும் ஒரே தூரத்தில் வர, பொலித்தீனுக்குக் கீழே ஒரு கடதாசி வையுங்கோ. கவராயத்தால் 3 செ.மீ. ஆரையில் வட்டம் கீறி, அதே ஆரையை மாற்றாமல் வட்டத்தின் மேல் நடத்திக்கொண்டு போனால் சரியாக ஆறாவது அடியில் தொடங்கின இடத்துக்கு வரும். அந்த ஆறு புள்ளியில்தான் நுனி. கண்மட்டத்தில் குத்தினால் கையில் இருக்கும்போது சரியாகத் தெரியும், தொங்கும்போதுதான் கோணல் காட்டும்.

உப்புவெளி_பின்னல்:

குழிவுக்கு வருவம். காரணம் நீங்கள் நினைத்ததேதான். இங்கிலாந்துப் புத்தகமும் அமெரிக்க வீடியோவும் ஒரே சொல்லை இரண்டு தையலுக்குச் சொல்லும்.

ஊசியில் நூலைச் சுற்றாமல் நேரே குத்தி எடுக்கிற குட்டைத் தையலை அமெரிக்காவில் சிங்கிள் என்பார்கள், இங்கிலாந்தில் அதுவே டபிள். ஒரு சுற்றுச் சுற்றிக் குத்துற நெட்டைத் தையல் அமெரிக்காவில் டபிள், இங்கிலாந்தில் ட்ரெபிள். பழைய புத்தகத்தில் டபிள் என்று போட்டிருந்த இடத்தில் நீங்கள் வீடியோவில் கண்ட நெட்டை டபிளைப் போட்டிருப்பீர்கள். தையல் உயரமாகினால் வட்டம் வெளியே நீளும், ஆனால் சுற்றளவுக்குத் தேவையான எண்ணிக்கை கூடவில்லை. அதனால் ஓரம் இழுத்து நடு குழியும். எதிர்ப்பக்கமாகப் பிழைத்தால், நெட்டைக்குப் பதில் குட்டை போட்டால், ஓரம் கீரை இலை மாதிரிச் சுருளும்.

புத்தகம் எந்த ஊரது என்று கண்டுபிடிக்கச் சுலபமான வழி: அதில் எங்கேயாவது சிங்கிள் என்று ஒரு தையல் வந்தால் அமெரிக்கக் கணக்கு. டபிளும் ட்ரெபிளும் மட்டும் வந்து சிங்கிளே இல்லாவிட்டால் அநேகமாக இங்கிலாந்துக் கணக்கு.

தட்டையாக வர ஒரு வாய்ப்பாடு: குட்டைத் தையல் என்றால் சுற்றுக்கு 6 கூட்டவேணும், நெட்டை என்றால் 12.

கீழே ஒரு பனிப்பூ. அமெரிக்கக் கணக்கில் எழுதுறேன், சிங்கிள் குட்டை, டபிள் நெட்டை. செயின் என்றால் சங்கிலித் தையல், ஸ்லிப் என்றால் உயரமில்லாமல் இணைக்கிற தையல். 10ஆம் நம்பர் நூலும் 1.5 மி.மீ. ஊசியும் என்றால் உங்கள் 6 செ.மீ. அளவுக்கே வரும்.

தொடக்கம்: 6 செயின், முதல் செயினில் ஸ்லிப் போட்டு வளையம்.

முதல் சுற்று: 3 செயின் (இது முதல் டபிளாகக் கணக்கு), வளையத்துக்குள் 1 டபிள், 2 செயின். பிறகு 2 டபிள், 2 செயின் என்று ஐந்து தரம். தொடக்க 3 செயினின் தலையில் ஸ்லிப். இப்போது 12 டபிள், 6 இடைவெளி இருக்கவேணும்.

இரண்டாம் சுற்று: அடுத்த டபிளிலும் அதற்கடுத்த இடைவெளியிலும் ஸ்லிப் போட்டு நகருங்கோ. அந்த இடைவெளியில் 3 செயின், 1 டபிள், 3 செயின், 2 டபிள். வெளியே 1 செயின். மற்ற ஐந்து இடைவெளிக்குள்ளும் 2 டபிள், 3 செயின், 2 டபிள், ஒவ்வொன்றுக்கும் பிறகு 1 செயின். ஸ்லிப் போட்டு மூடுங்கோ. 24 டபிள், 6 மூலை.

மூன்றாம் சுற்று: பழையபடி ஸ்லிப்பால் மூலைக்கு நகர்ந்து 1 செயின் (கணக்கில் இல்லை). மூலைக்குள் 2 சிங்கிள், 6 செயின், ஊசியில் இருந்து 4ஆவது செயினில் ஸ்லிப், 2 செயின், அதே மூலைக்குள் இன்னும் 2 சிங்கிள். பிறகு 3 செயின், முந்தின சுற்றின் 1 செயின் இடைவெளிக்குள் 1 சிங்கிள், 3 செயின். ஆறு மூலைக்கும் இப்படியே. ஸ்லிப் போட்டு நூலை 10 செ.மீ. விட்டு வெட்டுங்கோ.

இதில் பிழைக்கிற இடம் இரண்டு. ஒன்று, இரண்டாம் சுற்றில் டபிளுக்கு மேல் தொடங்கிவிடுறது. இடைவெளிக்கு நகர்ந்துதான் தொடங்கவேணும், இல்லாவிட்டால் ஒரு மூலை மட்டும் சரியும். மற்றது, நுனிச் செயினை இறுக்கிப் போடுறது. கூர் வெளியே நிற்காமல் முன்னால் வளையும். கை இறுக்கமானவர்கள் மூன்றாம் சுற்றுக்கு மட்டும் 1.75 ஊசி எடுக்கலாம்.

நூல் ஒரு பூவுக்கு வாலோடு 4 மீட்டர் அளவில் போகும். கைக்குக் கை மாறும் என்பதால் முதல் பூவை 5 மீட்டர் வெட்டின நூலில் பின்னி, மிச்சத்தை அளந்து கணக்குப் பாருங்கோ. உருண்டையின் தாளில் கிராமோடு மீட்டரும் போட்டிருப்பார்கள், மீட்டரைப் பாருங்கோ. மெல்லிய நூலில் 20 கிராம் என்பது அதிக நீளம், தடித்த நூலில் கொஞ்சம்.

வால் நூலைப் பருத்தியில் ஒரே திசையில் ஒளித்தால் வழுக்கி வெளியே வரும். டபிள்களின் முதுகால் ஒரு பக்கம், திரும்பி மறுபக்கம், பிறகு வளையத்தைச் சுற்றி என்று மூன்று திசை. ஒட்ட வெட்டுறது பசை காய்ந்த பிறகு.

குழிந்த பத்துப் பன்னிரண்டையும் என்ன செய்யிறது என்றால்: மேசையில் வைத்து உள்ளங்கையால் அமத்தும்போது படிந்தால், ஈர்க்குக் குத்திக் காயவைத்தாலே சரி. அமத்தும்போது ஓரம் மடிந்தால் படியாது. அவையை மணியாக்கிவிடுங்கோ. மருந்துப் போத்தலோடு வருகிற சின்ன அளவு மூடியைக் கவிழ்த்து, பொலித்தீன் சுற்றி, அதற்கு மேல் பூவைப் போர்த்து, 2:1 பசையில் விறைக்கப் பண்ணி, நடுவால் ஒரு பாசிமணியைக் கோர்த்துத் தொங்கவிட்டால், பிழைத்துப்போனது என்று யாருக்கும் தெரியாது.

திருக்கடலூர்_நூல்:

எல்லாருக்கும் பெரிய நன்றி. கழுவிப் பார்த்தேன், எட்டுப் பூ பழையபடி வெள்ளை. கறளும் இரண்டாம் தரத்தோடு போச்சு. புத்தகத்தில் தேடினேன், சிங்கிள் என்ற சொல்லே இல்லை!

இன்னும் ஒரு கேள்வி. சிவப்பில் உருண்டை கொஞ்சம் போட விருப்பம். 5 செ.மீ. ரெஜிபோம் உருண்டைக்கு மேல் பின்னி, அந்தக் கிளியர் ஸ்ப்ரேயையே அடிக்கலாமா? இல்லாவிட்டால் பலூனுக்கு மேல் செய்வது நல்லதா?

ஈர்க்குக்கட்டு:

ரெஜிபோமுக்கு ஸ்ப்ரே வேண்டாம்! அதிலுள்ள கரைப்பான் ரெஜிபோமைத் தின்னும். பின்னலுக்குள்ளால் இறங்கி உருண்டை உள்ளுக்குள் பள்ளம் பள்ளமாகப் போகும், வெளியே பின்னல் மட்டும் தொளதொளவென்று நிற்கும். சுடுபசைத் துப்பாக்கியும் அதேதான், சூட்டுக்கு உருகும். உள்ளே உருண்டை இருந்தால் விறைக்கவே தேவையில்லை, உருண்டைதான் வடிவைப் பிடிக்கும். உறையைக் கொஞ்சம் சின்னதாக, இழுத்துப் போர்க்கிற மாதிரிப் பின்னி, மேலே சுருக்கி முடிந்தால் போதும்.

வைத்து எடுக்கும்போதும் கவனம். ரெஜிபோம் உள்ள பெட்டிக்குள் பூச்சி உருண்டை போடக்கூடாது, அதன் ஆவியும் ரெஜிபோமை இளக்கும்.

உப்புவெளி_பின்னல்:

பலூன் முறை வலைப்பின்னலுக்குத்தான் வடிவு, உள்ளே வெறுமையாக ஒளி போய் வரும். ஆனால் இந்த மாதம் அது பொறுமையைச் சோதிக்கும். பசை காய இரண்டு நாள் எடுக்குது, பலூன் அதற்குள் காற்றுக் குறைந்து சுருங்குது, உருண்டையில் பள்ளம் விழுது. செய்வதென்றால் தடித்த இறப்பர்ப் பலூனாக எடுங்கோ. உறைக்குள் விட்டு ஊதி, வலை இறுகும்வரை வந்ததும் முடிச்சுப் போட்டு, 2:1 பசையைத் தூரிகையால் பூசி, ஃபேனுக்கு முன்னால் தொங்கவிடுங்கோ.

பலூனுக்கு வசிலீன் பூசச் சொல்லி வீடியோக்களில் வரும். எண்ணெய்த் தன்மை இறப்பரை இளக்கும், பாதி ராத்திரியில் டப்பென்று வெடிக்கும். பீ.வி.ஏ. இறப்பரில் அவ்வளவு பிடிக்காது, ஒன்றும் பூசாமலே வரும். காய்ந்த பிறகு முதலில் ஈர்க்கின் மொட்டைப் பக்கத்தால் எல்லா ஓட்டைக்குள்ளாலும் பலூனை மெல்ல உள்ளே அமத்தி விடுவியுங்கோ. அதற்குப் பிறகு முடிச்சுக்குப் பக்கத்தில் கிள்ளிப் பிடித்து ஒரு சின்னத் துளை. காற்று மெல்ல இறங்கவேணும். ஒரேயடியாக உடைத்தால் பலூன் வலையையும் இழுத்துக்கொண்டு சுருங்கும்.

சிவப்பு நூல் விசயம் இதைவிட முக்கியம். சிவப்புப் பருத்தி சாயம் விடும். ஒரு சாண் நூலை நனைத்து வெள்ளைத் துணிக்குள் மடித்து ஒரு இரவு பாரத்துக்குக் கீழ் வையுங்கோ. துணியில் ரோசாக் கோடு விழுந்தால், அந்த நூலை வெள்ளையோடு சேர்த்துப் பின்னவும் கூடாது, ஒரே பசைக் கோப்பையில் தோய்க்கவும் கூடாது. ரெஜிபோம் உருண்டைக்கு அக்ரிலிக் வூல் எடுத்தால் இந்தத் தலையிடியே இல்லை. வூல் பருத்தி மாதிரிப் பசையைக் குடிக்காது, ஆனால் இங்கே பசையே தேவையில்லையே. இஸ்திரிக்கை மட்டும் காட்டாதீர்கள், உருகி மினுங்கும்.

குடில்_வேலை:

பின்னல் எனக்குத் தெரியாது, மரத்தைப் பற்றிச் சொல்லுறேன்.

சவுக்குக் கொப்பு கடையில் விற்கிற பிளாஸ்டிக் மரம் மாதிரிக் கம்பி நீட்டி நிற்காது. இழை எல்லாம் கீழ்நோக்கித் தொங்கும், வழுக்கும். இழையில் தொங்கவிட்டால் காற்றுக்கு வழுக்கி நிலத்தில் கிடக்கும். பனிப்பூ பாரமில்லை, ஒரு கிராம் அளவுதான், அதனால் நுனிப்பக்கம் போடலாம். ஆனால் தொங்கு நூலை இழையில் கொழுவாமல், இழை புறப்படுகிற தடித்த சுள்ளியில் சுருக்கு மாதிரிப் போடவேணும். வளையத்தைச் சுள்ளிக்குப் பின்னால் கொண்டுபோய், பூவை வளையத்துக்குள்ளால் எடுத்து இழுத்தால் தானே இறுகும். ரெஜிபோம் உருண்டைகளைத் தண்டுக்குக் கிட்ட, கீழ்த் தட்டில் போடுங்கோ.

தொங்கவிடத் தங்கூசி (நைலோன் தூண்டில் நூல்) நல்லது, 0.30 மி.மீ. போதும். கண்ணுக்குத் தெரியாது, உப்புக் காற்றுக்கும் ஒன்றும் ஆகாது. மெல்லிய கம்பி கறள் பிடித்து, அடுத்த வருசம் நூலில் கறை வைக்கும். பூவுக்கு 15 செ.மீ. வெட்டினால் முடிந்த பிறகு 6 செ.மீ. வளையம் வரும்.

4 அடிக் கொப்புக்கு 40 பூ கூட. 24 பூ, 6 உருண்டை, கொஞ்சம் மணி என்று வைத்தால் சவுக்கின் பச்சையும் தெரியும். மிச்சப் பூவைத் தங்கூசியில் ஒன்றுக்குக் கீழ் ஒன்றாகக் கட்டி ஜன்னலில் விடலாம், ஆனால் மழைத் தூவானம் அடிக்கிற ஜன்னலில் இல்லை.

விளக்கு எல்.ஈ.டி. மட்டும். பழைய இழைக் குமிழ் சூட்டுக்கு வூல் இளகும், பசை மஞ்சளிக்கும். பாலன் குடிலில் மெழுகுதிரி ஏற்றுவதென்றால் அந்தப் பக்கம் குரோஷே ஒன்றும் தொங்கக்கூடாது. ஃபேன் காற்றுக்கு ஆடி வந்து சுவாலையில் பட ஒரு நொடி போதும்.

கொப்பை முற்கூட்டி வெட்டினால் இழை காய்ந்து உதிரத் தொடங்கும். 20ஆம் திகதிக்குப் பிறகு வெட்டி, வாளி மணலை ஈரமாக வைத்திருங்கோ.

திருக்கடலூர்_நூல்:

தங்கூசி வாங்கிக் கட்டிப் பார்த்தேன். முடிச்சு நிற்குதில்லை, இழுத்தால் அவிழுது. பீ.வி.ஏ. ஒரு சொட்டு வைத்தும் உரிந்து வருது. சூப்பர் குளூ வைக்கலாமா?

கொக்கியூசி:

நைலோனில் பீ.வி.ஏ. பிடிக்காது. சூப்பர் குளூ பிடிக்கும், ஆனால் அந்தச் சொட்டுப் பருத்தி நூலில் படக்கூடாது. பருத்தியோடு சேர்ந்தால் சட்டென்று சூடேறும், கூடப் பட்டால் புகையும், கையும் சுடும். முடிச்சைப் பூவில் இருந்து தள்ளி, வளையத்தின் மேல் உச்சியில் வரும்படி கட்டி, ஈர்க்கு நுனியால் தொட்டு வைத்தால் ஆபத்தில்லை.

பசை இல்லாமலும் நிற்கும். இரண்டு நுனியையும் சேர்த்துப் பிடித்து, ஒரு முடிச்சுக்குள்ளால் மூன்று தரம் சுற்றி எடுங்கோ. இறுக்க முதல் நாக்கில் வைத்து ஈரமாக்குங்கோ, மெல்ல இழுங்கோ. உலர இழுத்தால் தங்கூசி சூடேறிச் சுருளும், அந்த இடத்திலேயே பிறகு அறும். வெட்டும்போது 3 மி.மீ. வால் விடுங்கோ.

இனிப் பின்னப்போகிற பூக்களுக்குத் தங்கூசியே வேண்டாம் என்றால், மூன்றாம் சுற்று முடிந்ததும் நூலை வெட்டாமல் ஸ்லிப் போட்டுப் பக்கத்துக் கூரின் நுனிவரை ஏறி, அதிலிருந்து வளையத்துக்குள்ளால் பூ நுழைந்து வரும் அளவுக்குச் செயின் போட்டு, அதே நுனியில் ஸ்லிப் போட்டு மூடி வெட்டுங்கோ. பசையில் தோய்க்கும்போது அந்த வளையத்தை மட்டும் வெளியே பிடியுங்கோ. அதுவும் விறைத்தால் சுள்ளியில் சுருக்குப் போட வராது.